முகீஸின் கண்ணீரும் சினிமாவின் இடைவேளையும்

ஒரு பெண்ணைப் பார்த்ததுமே கதாநாயகனுக்குப் பிடித்துப்போகிறது. அவள் படிக்கும் கல்லூரி, பஸ் ஏறும் நிறுத்தம், வீட்டுத் தெரு, தோழியின் பெயர் என எல்லாவற்றையும் கண்டுபிடித்துவிடுகிறான். பின்னாலேயே போகிறான். அவள் முறைக்கிறாள், திட்டுகிறாள், சில படங்களில் கன்னத்தில் அறையவும் செய்கிறாள். அவன் சிரித்துக்கொண்டே மறுநாளும் வந்து நிற்கிறான். நண்பர்கள் கூட்டம் கைதட்டுகிறது. ஒரு பாட்டு வருகிறது. இடைவேளைக்குச் சற்று முன்போ பின்போ அவள் மனம் மாறிவிடுகிறது. நம் வீடுகளில் அத்தா, அம்மா, பிள்ளைகள் என்று எல்லோரும் சேர்ந்து உட்கார்ந்து பார்த்த படங்களில் எத்தனை படங்களுக்கு இந்தக் கதை பொருந்தும் என்று எண்ணிப் பாருங்கள்.

எங்கள் வீட்டில் டி.வி. இல்லை, தியேட்டர் வாசலை மிதித்ததே இல்லை என்று சொல்லும் குடும்பங்களுக்கும் இந்தக் கதை வந்து சேர்ந்துவிடுகிறது. சாமளாபுரம், சோமனூர், மங்கலம் பக்கம் விசைத்தறிக் கூடத்தில் இரவு ஷிப்ட் ஓட்டும் பையனிடமும், காலையில் பனியன் கம்பெனி வேனில் ஏறும் பெண்ணிடமும் போன் இருக்கிறது. இரண்டரை மணி நேரப் படத்திலிருந்து வெட்டியெடுத்த ஒரு நிமிடத் துண்டு அதில் ஓடுகிறது. அவன் பின்தொடரும் காட்சி, அவள் திரும்பிப் பார்க்கும் காட்சி, அவன் தனியாக உட்கார்ந்து அழும் காட்சி. இவைதான் வெட்டப்படுகின்றன. அதற்குப் பிறகு இருவருக்கும் என்ன ஆனது என்பது அந்தத் துண்டில் இருப்பதில்லை.

சினிமா பார்ப்பது கூடுமா, கூடாதா என்ற மார்க்கச் சட்டத்தை இங்கே பேசப் போவதில்லை. அதைப் பற்றி மேடைகளில் நிறையவே பேசியாகிவிட்டது. காதல் வேட்கையைப் பற்றிப் படங்கள் நமக்கு என்ன சொல்லிக் கொடுத்திருக்கின்றன, அதன் விளைவு யார் தலையில் விழுவதாகக் காட்டுகின்றன என்பதுதான் நாம் பார்க்க வேண்டியது. இந்தப் பாடத்தைப் பிள்ளைகள் மட்டும் படிக்கவில்லை. பெரியவர்களும் படித்திருக்கிறோம்.

ஜமாஅத்துகளுக்கு வரும் பிரச்சினைகளில் ஒரு வகை எல்லா ஊரிலும் உண்டு. ஒரு பையன் ஒரு பெண்ணின் பின்னால் பல மாதங்களாகச் சுற்றுகிறான். வேன் நிற்கும் இடத்தில் நிற்கிறான், வேறு வேறு எண்ணிலிருந்து போன் செய்கிறான், ஸ்டேட்டஸில் அவள் படத்தைப் போடுகிறான். பெண்ணின் அத்தா வேறு வழியில்லாமல் நிர்வாகிகளிடம் வந்து சொல்கிறார். பேசுகிறார்கள். பேச்சின் நடுவில் யாராவது ஒரு பெரியவர், "பையன் நல்லவனுங்க. குடிக்கிறதில்லை. வாரக் கூலியை அப்படியே வீட்ல கொடுக்கறான். ரெண்டு வருசமா அவளையே நெனச்சுட்டு இருக்கான். பேசாம முடிச்சு வெச்சரலாமே" என்பார். சபையில் பாதிப் பேர் தலையாட்டுவார்கள். அந்தப் பெண்ணிடம் அதுவரை யாரும் ஒரு வார்த்தை கேட்டிருக்க மாட்டார்கள்.

இரண்டு வருடம் பின்னால் சுற்றியதுதான் அங்கே அவனுடைய தகுதிச் சான்றிதழ் ஆகிறது. இதை நமக்கு எந்த மத்ரஸாவும் கற்றுத் தரவில்லை.

அந்த இரண்டு வருடத்தில் அவளுக்கு என்ன நடந்தது? பெரும்பாலும் இதுதான்: முதலில் போன் பிடுங்கப்படும். பிறகு ஸ்கூலோ, காலேஜோ, கம்பெனியோ நின்றுபோகும். "நீ எதுக்குச் சிரிச்ச?" என்ற விசாரணை வீட்டில் நடக்கும். அதன் பிறகு அவசர அவசரமாக ஒரு மாப்பிள்ளை. பையன் அதே முக்கில் நிற்பான், அதே தறிக்கு வேலைக்குப் போவான். வேட்கை அவனுடையது, விலை அவளுடையது. இந்தக் காட்சியைக் காட்டிய படங்கள் மிகக் குறைவு.

தமிழ்ப் படங்கள் காதலின் விளைவைக் காட்டாமல் இல்லை. சொல்லப்போனால் துயரமான முடிவுகள்தான் நம்மூரில் அதிகம் கொண்டாடப்பட்டவை. கம்பரின் மகன் சோழ இளவரசியைக் காதலித்து உயிரை இழந்ததாகச் சொல்லும் 'அம்பிகாபதி' கதை 1937இல் தியாகராஜ பாகவதர் நடித்தும், 1957இல் சிவாஜி கணேசன் நடித்தும் வந்தது. 1953இல் வந்த 'தேவதாஸ்' ஒரு தலைமுறையையே அழ வைத்தது. 1999இல் 'சேது'வின் நாயகன் மனநலக் காப்பகத்தில் அடைபடுகிறான். இவை எல்லாவற்றிலும் விளைவு இருக்கிறது. ஆனால் கேமரா காதலித்தவனின் முகத்திலேயே நிற்கிறது. அவன் தாடி, அவன் கண்ணீர், அவன் பைத்தியம், அவன் மரணம். 'சேது'வில் அந்தப் பெண்ணைத் தூக்கிக்கொண்டு போய் ஆளரவமற்ற இடத்தில் வைத்து, தன்னை ஏற்றுக்கொள்ளும்படி நாயகன் மிரட்டுகிறான். அதற்குப் பிறகுதான் அவளுக்கு அவன்மேல் அன்பு வருகிறது. 1991இல் வந்த 'குணா'விலும் கடத்திச் செல்லப்பட்டவள் குகைக்குள் அவனை நேசிக்கத் தொடங்குகிறாள். (கொடைக்கானலில் அந்தக் குகையைப் பார்க்க இன்றைக்கும் கூட்டம் போகிறது.) நாயகன் மனநலம் குன்றியவன் என்று இயக்குநர் ஒரு நியாயம் வைத்திருக்கலாம். தியேட்டரை விட்டு வெளியே வந்த இளைஞன் எடுத்துக்கொண்டது நியாயத்தை அல்ல, வழிமுறையை.

தேவதாஸைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும். காதலில் தோற்றவன் பாட்டிலைக் கையில் எடுப்பது அங்கிருந்து இன்று வரை சினிமாவில் ஒரு சடங்காகவே ஆகிவிட்டது. தோல்வி என்றால் மது, மது என்றால் நண்பர்களோடு ஒரு பாட்டு. அந்தப் பாட்டிலின் மறுமுனையில் யார் இருக்கிறார்கள் என்பதை நம் சாமளாபுரம் 2017 ஏப்ரலில் நாட்டுக்கே காட்டியது. டாஸ்மாக் கடை வேண்டாம் என்று ரோட்டில் உட்கார்ந்த பெண்களில் ஒருவரைக் காவல்துறை அதிகாரி கன்னத்தில் அறைந்த காட்சி எல்லாத் தொலைக்காட்சிகளிலும் ஓடியது. குடிப்பவனின் சோகத்துக்குப் பாட்டு எழுத ஆள் இருக்கிறது. அவன் வீட்டுக்கு வரும் நேரத்தை நினைத்துப் பயந்துகொண்டிருக்கும் பெண்ணுக்கு ரோடுதான் மேடை.

விளைவு முழுவதும் நாயகன் பக்கமே பார்க்கப்படுவதற்குச் சமீபத்திய உதாரணம் ஒன்று உண்டு. தனுஷ் நடித்த 'ராஞ்சணா' என்ற இந்திப் படம் 2013இல் தமிழில் 'அம்பிகாபதி' என்ற பெயரிலேயே வந்தது. காசியில் ஓர் இந்துப் பையன் ஒரு முஸ்லிம் பெண்ணைச் சிறுவயதிலிருந்து பின்தொடர்கிறான். அவள் மறுக்கும்போது கையை அறுத்துக்கொள்கிறான். அவளுடைய திருமணம் அவனால் நின்றுபோகிறது. அவள் மணக்க இருந்தவன் உயிரிழக்கிறான். கடைசியில் நாயகனும் சாகிறான். 2025 ஆகஸ்டில் தயாரிப்பு நிறுவனம் இந்தத் தமிழ்ப் பதிப்பை மீண்டும் வெளியிட்டது. செயற்கை நுண்ணறிவைக் கொண்டு முடிவை மாற்றி, நாயகன் பிழைத்துக்கொள்வதாகக் காட்டியது. இயக்குநர் ஆனந்த் எல். ராயும் தனுஷும் வெளிப்படையாகவே எதிர்த்தார்கள். படைப்பாளியின் உரிமை பற்றித்தான் பேச்செல்லாம் நடந்தது. எனக்குத் தோன்றியது வேறு. படத்தில் இருந்த கொஞ்ச நஞ்ச விளைவையும் இயந்திரம் துடைத்துவிட்டது. அதே இயந்திரத்தால், அந்தப் பெண் மணக்க இருந்தவனை உயிரோடு எழுப்பலாம் என்று யாருக்கும் தோன்றவில்லை.

படத்துக்கு வெளியே நடந்ததையும் பார்ப்போம். 1998இல் சென்னையில் ஒரு கல்லூரி மாணவி கேலி செய்து துரத்தியவர்களால் உயிரிழந்தார். அதன் பிறகே தமிழ்நாட்டில் பெண்களைத் துன்புறுத்துவதைத் தடுக்கும் சட்டம் வந்தது. 2012 நவம்பரில், தீபாவளி நேரத்தில், காரைக்காலில் ஒரு மென்பொருள் பொறியாளர் மீது ஒருவன் ஆசிட் வீசினான். அவனைத் திருமணம் செய்ய அவர் மறுத்ததுதான் காரணம். மூன்று மாதம் வேதனைப்பட்டு அவர் இறந்தார். 2016 ஜூன் 24 அன்று காலை, நுங்கம்பாக்கம் ரயில் நிலையத்தில், வேலைக்குப் போகக் காத்திருந்த ஓர் இளம்பெண் எல்லோர் கண் முன்னாலும் வெட்டிக் கொல்லப்பட்டார். ஒருதலைக் காதல்தான் காரணம் என்று காவல்துறை சொன்னது. பின்தொடர்வதைக் காதலாகக் காட்டாதீர்கள் என்று அப்போது திரைத்துறையினருக்குக் கோரிக்கைகள் எழுந்தன. அதே ஆண்டு அக்டோபரில் வந்த 'ரெமோ' படத்தில், நிச்சயமான ஒரு பெண்ணை அடைய நாயகன் நர்ஸ் வேடம் போட்டு ஏமாற்றுகிறான். அவளும் கடைசியில் அவனையே ஏற்கிறாள். படம் நன்றாக ஓடியது.

படம் பார்த்ததால்தான் கொலை நடந்தது என்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொல்வது நேர்மையாகாது. சினிமா பிறப்பதற்கு முன்பும் இது நடந்திருக்கிறது. ஆனால் ஒரு பெண் புகார் சொல்லும்போது கேட்பவர்களின் மனத்தில் எந்தக் கதை ஓடுகிறது என்பதைச் சினிமா முடிவு செய்கிறது. "பாவம், அவ்வளவு ஆசை வெச்சிருக்கான்" என்று அவர்கள் சொல்வது அந்தக் கதையிலிருந்து வருகிறது.

மாறான படங்களும் உண்டு, அவற்றைச் சொல்லாமல் விடக்கூடாது. பாலாஜி சக்திவேல் இயக்கிய 'காதல்' 2004இல் வந்தது. மதுரையில் பள்ளியில் படிக்கும் ஒரு பெண்ணும் ஒரு மெக்கானிக்கும் சென்னைக்கு ஓடிப்போகிறார்கள். தங்க இடம் கிடைப்பதே எவ்வளவு கடினம் என்பதிலிருந்து, வீட்டார் கண்டுபிடித்து அழைத்துச் சென்ற பின் நடக்கும் அடி உதை வரை ஒவ்வொன்றாகக் காட்டுகிறது படம். அதே இயக்குநரின் 'வழக்கு எண் 18/9' 2012இல், காரைக்கால் சம்பவத்துக்குச் சில மாதங்கள் முன்பே வந்தது. மறுத்த பெண்ணுக்காகக் கொண்டுவந்த ஆசிட் ஒரு வேலைக்காரப் பெண்ணின் முகத்தில் விழுகிறது. கேமரா அந்த முகத்தை விட்டு விலகவில்லை. தேசிய விருது கிடைத்தது. ஆனால் ரீல்ஸில் அந்தக் காட்சியை வெட்டிப் போடுபவர்கள் இல்லை.

பின்தொடர்வதுதான் தமிழர் காதல் மரபு என்று சிலர் சொல்வார்கள். கல்லூரியில் இலக்கியம் படித்தவர்களுக்கு அது சரியில்லை என்று தெரியும். தொல்காப்பியர் குறிஞ்சி முதல் பாலை வரை ஐந்து திணைகளை ஒத்த அன்பின் திணைகளாக வைக்கிறார். இருவர் மனமும் ஒன்றுபட்டது மட்டுமே அங்கே அன்பின் ஐந்திணை. ஒருவருக்கு மட்டும் விருப்பம் இருந்தால் அதற்குக் கைக்கிளை என்று பெயர், அது ஐந்திணைக்கு வெளியே. பொருந்தாத, எல்லை மீறிய வேட்கை பெருந்திணை. அதுவும் வெளியே. பனைமட்டையால் குதிரை செய்து, அதில் ஏறி, ஊரார் முன்னால் தன் உடலைக் காயப்படுத்திக்கொண்டு பெண்ணைக் கேட்கும் வழக்கத்துக்கு மடலேறுதல் என்று பெயர். கையை அறுத்துக்கொள்ளும் நாயகனுக்கு அவன்தான் முன்னோடி. மடல் ஏறுவேன் என்று சொல்வது வரை ஐந்திணைக்குள் பொறுத்துக்கொள்ளப்படுகிறது. ஏறிவிட்டால் அது பெருந்திணை. இன்னொரு விதியும் இருக்கிறது. அகப்பாடல்களில் காதலர்களின் பெயரைச் சுட்டக்கூடாது. சங்கப் புலவன் மறைத்து வைத்த பெயரை, இன்று பதினெட்டு வயதுப் பையன் படத்தோடு ஸ்டேட்டஸில் போடுகிறான்.

அரபு உலகில் இதே விஷயம் வேறு விதமாக வருகிறது. லைலா மஜ்னு கதை தெரியாதவர்கள் இல்லை. மஜ்னூன் என்பது பெயரே அல்ல. பித்துப் பிடித்தவன் என்று பொருள். அவருடைய பெயர் கைஸ். உமையாக்கள் காலத்தில் நஜ்து பகுதியில் நடந்ததாகச் சொல்லப்படும் இந்தக் கதையை, கி.பி. 1188இல் நிஜாமி பாரசீகத்தில் காவியமாக எழுதினார். அதிலிருந்து உருதுவுக்கும், இந்திக்கும், தமிழ்ப் படங்களுக்கும் வந்தது. லைலாவின் தந்தை ஏன் மறுத்தார் என்பதைப் படங்கள் சொல்வதில்லை. கைஸ் ஏழை என்பதாலோ, பகை என்பதாலோ அல்ல. அவர் லைலாவின் பெயரைச் சொல்லிக் கவிதை பாடி ஊரெல்லாம் பரப்பிவிட்டார். ஒரு பெண்ணின் பெயரைக் கவிதையில் பகிரங்கமாக்கியவனுக்கு அந்தப் பெண்ணைக் கொடுப்பது அன்றைய அரபுகளிடம் இழுக்காகக் கருதப்பட்டது. அவருடைய வேட்கை கைகூடாமல் போனதற்கு அவருடைய விளம்பரமே காரணமானது. லைலா விருப்பமில்லாத வேறு திருமணத்துக்குள் தள்ளப்பட்டார். கவிதைகள் கைஸின் பெயரில் இன்றும் வாழ்கின்றன.

இந்த இடத்தில் நம் உலமாக்களைப் பற்றி ஒரு தவறான எண்ணம் இருக்கிறது. காதல் என்ற சொல்லைக் கேட்டாலே அவர்கள் காதைப் பொத்திக்கொள்வார்கள் என்று. ஸ்பெயின் நாட்டில் வாழ்ந்த மாபெரும் சட்ட அறிஞர் இப்னு ஹஸ்ம், கி.பி. 1022ஆம் ஆண்டளவில் 'தவ்குல் ஹமாமா' என்ற நூலைக் காதலைப் பற்றியே எழுதினார். அதன் அடையாளங்கள், ரகசியம் காப்பது, துரோகம், பிரிவு என்று அத்தியாயம் அத்தியாயமாகப் பேசுகிறார். டமாஸ்கஸின் இமாம் இப்னுல் கய்யிம் வேட்கையை நோய் என்றே எடுத்துக்கொண்டு அதற்குச் சிகிச்சை எழுதியவர். அது நுழையும் நான்கு வாசல்களை 'அல்ஜவாபுல் காஃபி'யில் குறிப்பிடுகிறார்: பார்வை, மனத்தில் ஓடும் எண்ணம், பேச்சு, எடுத்து வைக்கும் காலடி. சினிமாவின் முதல் பாதியைக் கவனித்தால் இந்த நான்கும் இதே வரிசையில் வரும்.

சூரா யூஸுஃபை நாம் சிறு வயதிலிருந்து கேட்டு வளர்ந்தவர்கள். எகிப்து அதிகாரியின் மனைவி யூஸுஃப் (அலை) அவர்கள்மீது வேட்கை கொண்டு கதவுகளை மூடுகிறார். யூஸுஃப் (அலை) மறுத்து வாசலை நோக்கி ஓடுகிறார்கள். சட்டை கிழிகிறது. அந்தப் பெண்ணின் குடும்பத்திலிருந்தே ஒருவர், சட்டை முன்பக்கம் கிழிந்திருக்கிறதா, பின்பக்கம் கிழிந்திருக்கிறதா என்று பார்க்கச் சொல்கிறார். துணியிலும் தையலிலும் வாழும் நம் ஊர்க்காரர்களுக்கு இந்தச் சாட்சியம் புரிய விளக்கம் தேவையில்லை. பின்பக்கம் கிழிந்திருந்தால் ஓடியவர் அவர், பிடித்து இழுத்தவர் வேறு. கணவருக்கே உண்மை தெரிந்துவிட்டது. அதற்குப் பிறகும் சிறைக்குப் போனவர் யார்? யூஸுஃப் (அலை) அவர்கள்தான், அதுவும் பல ஆண்டுகள். வேட்கை கொண்டவர் வீட்டில் இருந்தார், மறுத்தவர் சிறையில் இருந்தார். வேனில் ஏறுவதை நிறுத்திவிட்டு வீட்டுக்குள் அடைபட்ட நம் பெண்ணுக்கும் இதுதான் நடந்தது. பிற்காலக் காவியங்கள் ஜுலைகா என்று பெயர் சூட்டி, கடைசியில் இருவருக்கும் திருமணமும் செய்து வைத்தன. குர்ஆன் அவர் பெயரையும் சொல்லவில்லை, திருமணத்தையும் சொல்லவில்லை.

இனி பரீரா (ரலி) அவர்களின் சம்பவம். புகாரியில் இப்னு அப்பாஸ் (ரலி) அறிவிக்கிறார்கள். பரீரா ஓர் அடிமைப் பெண். ஆயிஷா (ரலி) அவர்கள் அவரை விலைக்கு வாங்கி விடுதலை செய்தார்கள். அவருடைய கணவர் முகீஸும் அடிமையாக இருந்தவர். விடுதலையான பெண்ணுக்கு, அடிமைக் காலத்தில் அமைந்த திருமணத்தைத் தொடரவோ முறித்துக்கொள்ளவோ உரிமை உண்டு. பரீரா முறித்துக்கொண்டார். முகீஸால் தாங்க முடியவில்லை. மதீனாவின் தெருக்களில் பரீராவின் பின்னால் அழுதுகொண்டே போனார். கண்ணீர் தாடியில் வழிந்தது. இப்னு அப்பாஸ் (ரலி) அதை நேரில் பார்த்ததைப் போலவே வர்ணிக்கிறார்கள்.

இது அப்படியே சினிமாக் காட்சிதான். தெரு, பின்தொடரும் ஆண், கண்ணீர், திரும்பிப் பார்க்காத பெண். பார்ப்பவர்கள் மனம் யார் பக்கம் போகும்? முகீஸின் பக்கம்தான். நபி (ஸல்) அவர்களின் மனமும் அவருக்காக இரங்கியது. தம் சிறிய தந்தை அப்பாஸ் (ரலி) அவர்களிடம், முகீஸுக்கு அவள்மீது இவ்வளவு அன்பும், பரீராவுக்கு அவர்மீது இவ்வளவு வெறுப்பும் இருப்பது வியப்பாக இல்லையா என்று கேட்டார்கள். யாரும் முகீஸைக் கேலி செய்யவில்லை. ஆண்பிள்ளை அழலாமா என்று கடியவில்லை.

பிறகு நபி (ஸல்) அவர்கள் பரீராவிடம் பேசினார்கள். அவரிடம் திரும்பிப் போகலாமே என்றார்கள். அவர் உன் பிள்ளையின் தகப்பன் என்றும் நினைவூட்டியதாக அபூதாவூதின் அறிவிப்பில் வருகிறது. பரீரா கேட்ட கேள்வி மிகவும் தெளிவானது: இது தங்கள் கட்டளையா? கட்டளை இல்லை, பரிந்துரைதான் என்று நபி (ஸல்) அவர்கள் பதில் சொன்னார்கள். அப்படியானால் எனக்கு அவர் தேவையில்லை என்றார் பரீரா.

அத்துடன் பேச்சு முடிந்தது. மறுநாள் இன்னொருவர் வந்து பேசவில்லை. "அல்லாஹ்வின் தூதரே சொல்லிவிட்டார்கள், இவள் யார் மறுக்க?" என்று மதீனாவில் யாரும் கேட்கவில்லை. நேற்றுவரை அடிமையாக இருந்த ஒரு பெண், அந்தச் சமுதாயத்தின் தலைவர் செய்த பரிந்துரையை மறுத்துவிட்டு நடந்துபோகிறார். நம் ஜமாஅத் சபையில் உட்கார்ந்து "முடிச்சு வெச்சரலாமே" என்று சொல்பவருக்கு, நபியவர்கள் தமக்கே எடுத்துக்கொள்ளாத அதிகாரம் எங்கிருந்து வந்தது? இத்தனைக்கும் பரீராவும் முகீஸும் கணவன் மனைவியாக வாழ்ந்தவர்கள். வேன் நிறுத்தத்தில் நிற்கும் பையனுக்கு அந்த உரிமைகூட இல்லை.

இதைக் கேட்டதும் சில பெற்றோர்கள் நிம்மதியாகத் தலையாட்டுவார்கள். அவர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டியிருக்கிறது. மறுக்கும் உரிமை இருப்பவருக்கு விரும்பும் உரிமையும் இருக்கிறது. கன்ஸா பின்த் கிதாம் (ரலி) அவர்களை அவருடைய தந்தை விருப்பமில்லாமல் மணமுடித்துக் கொடுத்தபோது, நபி (ஸல்) அவர்கள் அந்தத் திருமணத்தை ரத்து செய்தார்கள். இன்னோர் இளம்பெண், தம் தந்தை தம்முடைய கௌரவத்துக்காகச் சகோதரர் மகனுக்கு மணமுடித்துவிட்டார் என்று முறையிட்டார். முடிவு அவரிடமே விடப்பட்டது. அவர் தந்தை செய்ததை ஏற்றுக்கொண்டார். ஆனால் இந்த விஷயத்தில் தந்தையருக்குத் தனி அதிகாரம் இல்லை என்பதைப் பெண்கள் அறியட்டும் என்றுதான் வந்ததாகச் சொன்னார். ஒருவரையொருவர் நேசிக்கும் இருவருக்கு நிக்காஹைப் போன்ற வேறொன்று இல்லை என்ற கருத்திலும் நபிமொழி இப்னு மாஜாவில் இருக்கிறது. இருவருக்கும் விருப்பம் இருக்கிறது, தீனிலும் தடை இல்லை என்றால், வசதி போதாது, கொடுக்கல் வாங்கல் இல்லாத குடும்பம், அவர்கள் வேறு மொழி பேசுகிறவர்கள் என்று வருடக்கணக்கில் இழுத்தடிப்பது எந்தக் கணக்கில் சேரும்?

கௌரவம் எங்கே போய் முடியும் என்பதை நம் மாவட்டமே பார்த்தது. 2016 மார்ச் 13 அன்று உடுமலைப்பேட்டை பேருந்து நிலையம் அருகே, சாதி மாறித் திருமணம் செய்துகொண்ட 22 வயது தலித் இளைஞர் பட்டப்பகலில் வெட்டிக் கொல்லப்பட்டார். மனைவி படுகாயங்களுடன் பிழைத்தார். 2017 டிசம்பரில் திருப்பூர் நீதிமன்றம் 6 பேருக்கு மரண தண்டனை விதித்தது. 2020 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் அவர்களில் 5 பேரின் தண்டனையை ஆயுள் தண்டனையாகக் குறைத்து, பெண்ணின் தந்தையை விடுதலை செய்தது. அது நம் சமுதாயத்தில் நடந்ததல்ல என்று ஒதுக்கிவிட முடியாது. மகள் ஓடிப்போனால் "தலையை வெட்டிருவேன்" என்று நம் வீட்டு ஆண்களும் சொல்லக் கேட்டிருக்கிறோம்.

வயதையும் கவனியுங்கள். 'காதல்' படத்தின் நாயகி பள்ளி மாணவி. அந்தக் கதை இன்று நடந்தால் அந்த மெக்கானிக் போக்சோ சட்டத்தில் சிறைக்குப் போவார். 2012இல் வந்த அந்தச் சட்டப்படி 18 வயது நிரம்பாத பெண்ணின் சம்மதம் சம்மதமாகாது. "ரெண்டு பேரும் விரும்பித்தான் போனாங்க" என்று ஜமாஅத்தில் பேசித் தீர்க்கவும் முடியாது. 18 வயதுக்கு முன் அவசர நிக்காஹ் செய்து மூடி மறைத்தால் குழந்தைத் திருமணத் தடைச் சட்டம் பெற்றோர் மீதும், நிக்காஹை நடத்தி வைத்தவர் மீதும் பாயும். பத்தாம் வகுப்பு படிக்கும் மகனுக்கும் மகளுக்கும் இதை விளக்கமாகச் சொல்லிக் கொடுங்கள். பயமுறுத்துவதற்காக அல்ல, எந்த ரீல்ஸும் சொல்லாது என்பதற்காக.

மறுக்கப்பட்ட பையனையும் மறந்துவிடக் கூடாது. முகீஸின் கண்ணீருக்கு மதீனாவில் இடம் இருந்தது. அவருக்காகப் பரிந்து பேச ஆள் இருந்தது. பேச்சு பலிக்காதபோது அவர் அதோடு நிற்க வேண்டியிருந்தது. நம் பையனுக்கோ இரண்டே வழிதான் வைத்திருக்கிறோம். ஒன்று கேலி, அல்லது "விடாதடா மாப்ள" என்ற தூண்டுதல். செத்துவிடுவேன் என்று அவன் சொன்னால் அதை நடிப்பு என்று தள்ளாதீர்கள். தனியாக விடாமல் கூடவே இருங்கள், மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள். 14416 என்ற எண்ணில் அரசின் மனநல உதவி இலவசமாகக் கிடைக்கிறது. ஆனால் அதைச் சொல்லி அந்தப் பெண்ணின் வீட்டுக் கதவைத் தட்டாதீர்கள். அவன் உயிருக்கு அவளைப் பிணையாக்குவது மடலேறுதலின் இன்றைய வடிவம்.

பின்தொடர்வது நிற்கவில்லை என்றால் சட்டம் இருக்கிறது. 2013இல் இந்திய தண்டனைச் சட்டத்தில் சேர்க்கப்பட்ட 354ஈ பிரிவு, 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 78ஆம் பிரிவாக இருக்கிறது. விருப்பமில்லை என்று பெண் தெளிவாகக் காட்டிய பிறகும் திரும்பத் திரும்பப் பின்தொடர்வதும், தொடர்புகொள்ள முயல்வதும் குற்றம். இணையத்திலும் போனிலும் அவளைக் கண்காணிப்பதும் இதில் அடங்கும். பெண்கள் உதவி எண் 181. 18 வயதுக்குட்பட்டவர்களுக்கு 1098. அனைத்து மகளிர் காவல் நிலையத்துக்குப் போகும்போது வந்த மெசேஜ்களை அழிக்காமல் வைத்திருங்கள். ஸ்டேட்டஸ் மறைவதற்குள் தேதியும் நேரமும் தெரியும்படி ஸ்க்ரீன்ஷாட் எடுத்துக்கொள்ளுங்கள். அழைத்த எண்களை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். ஜமாஅத் நிர்வாகிகளில் ஒருவர் கூடப் போனால் நல்லது. பெண்கள் பகுதியைக் கவனிக்கும் சகோதரி ஒருவரும் வந்தால் இன்னும் நல்லது. அங்கே நடந்ததை அந்தப் பெண்ணே தன் வாயால் சொல்லட்டும். மறுநாள் காலை வழக்கமான வேனிலேயே அவள் வேலைக்குப் போகட்டும். முதல் சில நாட்களுக்கு அத்தா அந்த நிறுத்தம் வரை கூட நடந்துவிட்டு வரலாம்.